தொகுதி மறைந்தது, ஊர் மறையவில்லை

வெள்ளகோவில் என்னும் பெயர் தமிழ்நாட்டுச் சட்டசபைத் தொகுதிகளின் அட்டவணையில் இன்று இல்லை. 1977 முதல் 2006 வரை நடைபெற்ற எட்டுச் சட்டசபைத் தேர்தல்களிலும் அப்பெயர் தாங்கிய தொகுதி ஒன்று இருந்தது. 2008-ஆம் ஆண்டில் தொகுதிகள் திருத்தியமைக்கப்பட்டபோது அது நீங்கிற்று. 2011-ஆம் ஆண்டுத் தேர்தலில் வெள்ளகோவில் மக்கள் காங்கயம் தொகுதியின் வாக்காளர்களாகச் சாவடிக்குச் சென்றார்கள். ஊர் இருந்த இடத்திலேயே இருக்கிறது. வீரக்குமாரசுவாமி கோயில் தேர் ஆண்டுதோறும் ஓடுகிறது. தறிகளின் ஓசை அடங்கவில்லை. கிளுவை வேலியிட்ட கொறங்காடுகளில் காங்கயம் மாடுகள் மேய்ந்துகொண்டுதான் இருக்கின்றன.

அப்படியாயின் போனது என்ன? இக்கேள்விக்கு இருவகையான பதில்களை நாம் கேட்டு வருகிறோம். ஒரு சாரார், ஊரின் கௌரவமே போயிற்று என்று வருந்துகிறார்கள். மற்றொரு சாரார், தொகுதி எதுவானால் என்ன, ஓட்டு ஒன்றுதானே என்று உதறிவிடுகிறார்கள். நமது அபிப்பிராயத்தில் இரண்டுமே போதிய பதில்கள் அல்ல. தொகுதியின் எல்லை யாரால், எந்தக் கணக்கைக் கொண்டு, எந்த முறையில் வரையப்படுகிறது என்பதை அறிந்தவர்களுக்கே அதனால் வரும் லாப நஷ்டம் விளங்கும். நெசவாளரும் விவசாயிகளுமாகிய நம் அங்கத்தினர்கள் அதை அறிந்துகொள்ள வேண்டிய காலம் இது என்பதால் இங்கே எழுதத் துணிந்தோம்.

கோடுகள் மாறிய வரலாறு

தொகுதி என்பது மலையையோ ஆற்றையோ போல இயற்கையாய் அமைந்ததன்று. ஒவ்வொரு காலத்திலும் ஆட்சியிலிருந்தோர் எவரைப் பிரதிநிதியாகக் காண விரும்பினார்களோ, அதற்கேற்ப அது அமைந்து வந்திருக்கிறது. 1935-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி 1937-ல் நடந்த தேர்தலில் சென்னை மாகாணச் சட்டசபைக்கு 215 ஸ்தானங்கள் இருந்தன. அவற்றுள் பெருநிலக்கிழாருக்கும், வர்த்தகத்துக்கும் கைத்தொழிலுக்கும், தொழிலாளருக்கும் தனித்தனியே சில ஸ்தானங்கள் ஒதுக்கப்பட்டன. ஆனால் வீட்டுத் திண்ணையில் குழித்தறி போட்டு உட்கார்ந்த நெசவாளிக்கென்றோ, இரண்டு ஏக்கர் தோட்டத்தில் கவலை இறைத்த குடியானவனுக்கென்றோ தனி ஸ்தானம் எதுவும் இல்லை. இவர்களிற் பெரும்பாலோருக்கு அந்நாளில் ஓட்டே இல்லை. வரி கட்டுவது போன்ற தகுதிகள் உடையோருக்கே ஓட்டுரிமை இருந்தது.

சுதந்திரத்துக்குப் பிறகு வயது வந்த எல்லோருக்கும் ஓட்டு வந்தது. 1952-ல் ஆந்திரமும் மலையாளக் கரையும் சேர்ந்திருந்த சென்னை ராஜ்யத்தில் 375 ஸ்தானங்கள், 309 தொகுதிகள். ஒரே தொகுதியிலிருந்து இருவரைத் தேர்ந்தெடுக்கும் இரட்டை அங்கத்தினர் முறை அப்போது இருந்தது. தாழ்த்தப்பட்ட மக்களின் பிரதிநிதித்துவத்துக்காக ஏற்பட்ட அம்முறை 1957-லும் தொடர்ந்தது. அவ்வாண்டில் 167 தொகுதிகளிலிருந்து 205 பேர் தேர்ந்தெடுக்கப்பட்டனர். 1961-ல் பார்லிமெண்டு ஒரு சட்டம் இயற்றி இரட்டைத் தொகுதிகளை நீக்கியது. 1962-ல் 206 ஆக இருந்த ஸ்தானங்கள் 1967-ல் 234 ஆயின. அந்த எண்ணிக்கை 2008-ஆம் ஆண்டு மாற்றத்தின்போதும் மாறவில்லை.

கூட்டுறவாளர்கள் சிறப்பாக நினைவில் வைக்க வேண்டிய ஒரு செய்தியும் உண்டு. மேல்சபைக்குக் கவர்னர் நியமிக்கும் அங்கத்தினர்கள் இலக்கியம், விஞ்ஞானம், கலை, கூட்டுறவு இயக்கம், சமூக சேவை ஆகியவற்றில் தேர்ந்தவர்களாக இருக்க வேண்டும் என்று அரசியல் சாசனத்தின் 171-ஆம் விதி கூறுகிறது. கூட்டுறவு இயக்கத்தைப் பெயர் சொல்லிக் குறித்த இடம் அது. 1986 நவம்பர் 1-ஆம் தேதி தமிழ்நாட்டின் மேல்சபை நீங்கியபோது அந்தச் சிறு சாளரமும் மூடிக்கொண்டது. ஆகவே சட்டசபையில் நம் குரல் ஒலிக்க வேண்டுமானால், அது பொதுத் தொகுதியின் வழியாகவே ஒலிக்க வேண்டும். அந்தத் தொகுதியோ அடிக்கடி வடிவம் மாறுவது.

தலைக்கணக்கின் நியாயம்

வெள்ளகோவில் தொகுதி ஏன் நீங்கிற்று? யாரோ ஒருவருடைய கோபத்தாலோ சூழ்ச்சியாலோ அது நேர்ந்ததென்று எண்ணுவதற்கில்லை. கணக்கைப் பார்த்தாலே காரணம் புலப்படும்.

1971-ஆம் ஆண்டு ஜனக்கணிதப்படி தமிழ்நாட்டின் மக்கள்தொகை சுமார் 4 கோடியே 12 லட்சம். 234 தொகுதிகளுக்குப் பங்கிட்டால் ஒரு தொகுதிக்குச் சராசரி 1 லட்சத்து 76 ஆயிரம் பேர். 1977 முதல் 2006 வரை நடந்த தேர்தல்கள் அனைத்தும் அந்தக் கணக்கின்மீது வரையப்பட்ட எல்லைகளைக் கொண்டே நடந்தன. 1976-ல் நிறைவேறிய 42-ஆம் சாசனத் திருத்தம் எல்லைகளை அப்படியே நிறுத்தி வைத்ததுதான் அதற்குக் காரணம். மக்கள்தொகைப் பெருக்கத்தைக் கட்டுப்படுத்திய ராஜ்யங்கள் அதனால் ஸ்தானங்களை இழக்கலாகாது என்பது அத்திருத்தத்தின் நோக்கம். 2001-ல் மக்கள்தொகை 6 கோடியே 24 லட்சம் ஆயிற்று; தொகுதிச் சராசரி 2 லட்சத்து 67 ஆயிரமாக உயர்ந்தது.

இந்த வளர்ச்சி எல்லா ஊர்களிலும் ஒரே அளவாக இருந்திருந்தால் கோடுகளை மாற்ற வேண்டியிராது. ஆனால் திருப்பூர் நகரம் 1971-ல் சுமார் 1 லட்சத்து 13 ஆயிரம் பேரைக் கொண்டிருந்தது. 2001-ல் 3 லட்சத்து 44 ஆயிரத்தை எட்டியது. ராஜ்யத்தின் மக்கள்தொகை ஒன்றரை மடங்கு ஆன காலத்தில் திருப்பூர் மூன்று மடங்கு ஆயிற்று. அந்த ஜனங்கள் எங்கிருந்து வந்தார்கள்? வெளி ஜில்லாக்களிலிருந்து வந்தவர்களோடு, மழை பொய்த்த நம் கிராமங்களிலிருந்து சென்றவர்களும் அதில் அடங்குவர். கிணறு வற்றியபோது குடியானவர் வீட்டுப் பிள்ளை பனியன் கம்பெனிக்குப் போனான். நூல் விலை ஏறிக் கூலி இறங்கியபோது தறிக்காரர் வீட்டுப் பிள்ளையும் உடன் போனான். அவர்களோடு அவர்களுடைய ஓட்டும் போயிற்று. திருப்பூர் என்ற ஒரே தொகுதி வடக்கு, தெற்கு என இரண்டாயிற்று. ராஜ்யத்தின் மொத்த ஸ்தானங்கள் மாறாத நிலையில் ஓரிடத்தில் ஒன்று கூடினால் மற்றோரிடத்தில் ஒன்று குறைந்தே தீரும்.

வெள்ளகோவில் மட்டும் மறையவில்லை. கொங்கு நாட்டில் பொங்கலூர், பேரூர், சத்தியமங்கலம், கபிலர்மலை ஆகிய பெயர்களும் அதே உத்தரவினால் அட்டவணையிலிருந்து நீங்கின. கோவை கிழக்கும் மேற்கும் போய்க் கோவை வடக்கும் தெற்கும் வந்தன. கவுண்டம்பாளையம், சூலூர், மடத்துக்குளம் ஆகியவை அட்டவணையில் இடம் பெற்றன. நெசவாளர் நிறைந்த குமாரபாளையம் தன் பெயரில் ஒரு தொகுதியைப் பெற்றது. பார்லிமெண்டுத் தொகுதிகளிலும் இதுவே நிகழ்ந்தது. வயலும் வாய்க்காலுமாகிய கோபிச்செட்டிபாளையத்தின் பெயரும், 1977-ல் சி. சுப்பிரமணியம் அவர்களைத் தேர்ந்தெடுத்த பழனியின் பெயரும் மறைந்தன. திருப்பூரின் பெயர் தோன்றிற்று.

இதை அநீதி என்று நாம் சொல்லமாட்டோம். ஒரு தொகுதியில் ஒன்றரை லட்சம் பேருக்கு ஒரு பிரதிநிதியும், மற்றொன்றில் நான்கு லட்சம் பேருக்கு ஒரு பிரதிநிதியும் இருப்பார்களானால், பின்னவருடைய ஓட்டின் மதிப்பு குறைந்துவிடும். நம் சங்கங்களில் பத்துப் பங்கு வைத்திருப்பவருக்கும் ஒரு பங்கு வைத்திருப்பவருக்கும் ஆளுக்கு ஓர் ஓட்டுத்தான். அந்த நெறியை ஏற்றுக்கொண்ட கூட்டுறவாளர்கள், நாட்டின் தேர்தலில் மட்டும் வேறு நெறி வேண்டுமென்று கேட்பது முறையாகாது. பனியன் கம்பெனியில் வேலை செய்யும் நம் பிள்ளையின் ஓட்டும் ஓட்டுத்தானே!

பெயரும் பொருளும்

பெயர் போயிற்றே என்னும் வருத்தத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. தொகுதி போனாலும் பெயர் எளிதில் போய்விடுவதில்லை. 2006-ல் வெள்ளகோவிலில் வென்று நெடுஞ்சாலைத் துறை அமைச்சராக இருந்த திரு. மு. பெ. சாமிநாதன், 2021-ல் காங்கயம் தொகுதியில் வென்று மீண்டும் அமைச்சரானார். ஆயினும் வெள்ளகோவில் சாமிநாதன் என்றே ஜனங்கள் அவரைச் சொல்லக் கேட்கிறோம். 1904-ல் சென்னிமலையில் நெசவாளர் குடும்பத்தில் பிறந்து, 1932-ல் கொடியோடு உயிர் நீத்த தியாகியை நாம் திருப்பூர் குமரன் என்று அழைக்கிறோம். சென்னிமலை அதனால் அவரை இழந்துவிடவில்லை.

ஆகவே பெயரைப் பற்றிக் கவலைப்பட வேண்டியதில்லை. கவலைக்குரிய விஷயம் வேறு. ஒரே தேவையுடைய ஜனங்கள் ஒரே பிரதிநிதியிடம் செல்லக்கூடியவர்களாக இருக்கிறார்களா, அல்லது நான்கு வாசல்களில் நின்று நான்கு மனுக்கள் கொடுக்க வேண்டியவர்களாக இருக்கிறார்களா என்பதே அது. வெள்ளகோவில் ஊர் 1979 வரை கோயமுத்தூர் ஜில்லாவில் இருந்தது. பிறகு பெரியார் ஜில்லாவாகவும் ஈரோடு ஜில்லாவாகவும் பெயர் பெற்ற பகுதியைச் சேர்ந்தது. 2009 முதல் திருப்பூர் ஜில்லாவில் இருக்கிறது. முப்பது ஆண்டுகளில் மூன்று கலெக்டர் ஆபீசுகளின் படிக்கட்டுகளை ஏறிய ஊர் அது. இன்று அது சேர்ந்துள்ள காங்கயம் தொகுதியிலேயே ஈரோடு ஜில்லாவைச் சார்ந்த சென்னிமலையும் அடங்கியிருக்கிறது. ஒரு தொகுதி, இரண்டு ஜில்லா. சென்னிமலை நெசவாளி தன் காரியத்துக்கு ஈரோட்டுக்கும், வெள்ளகோவில் விவசாயி தன் காரியத்துக்குத் திருப்பூருக்கும் போக வேண்டும். சட்டசபையிலோ இருவருக்கும் ஒரே பிரதிநிதி.

கடைமடையின் கேள்வி

தண்ணீரை எடுத்துக்கொள்வோம். பரம்பிக்குளம்–ஆழியாறு திட்டம் மேற்கே ஓடும் ஆறுகளின் நீரைக் கிழக்கே திருப்பி, திருமூர்த்தி அணையின் வழியாகப் பிரதான கால்வாயில் விடுகிறது. அத்திட்டத்தின் பாசனப் பரப்பு 3 லட்சத்து 77 ஆயிரம் ஏக்கர். நான்கு மண்டலங்களாகப் பிரித்து முறை வைத்துத் தண்ணீர் விடப்படுகிறது. உடுமலை, பொள்ளாச்சி, சூலூர், பல்லடம் என்று பல தாலுகாக்களின் நிலங்கள் அதனால் பயன் பெறுகின்றன. கடைசியில் இருப்பது வெள்ளகோவில் கிளைக்கால்வாய். தலைமடையில் மதகு சற்றே கூடுதலாகத் திறந்தால், கடைமடையில் வாய்க்கால் நனையுமேயன்றி ஓடாது. தங்களுக்கு உரிய பங்கு வந்து சேர்வதில்லை என்பது அக்கிளைக்கால்வாய்ப் பாசனதாரரின் நெடுநாள் முறையீடு. வெள்ளகோவிலை அடுத்த வட்டமலைக்கரை ஓடை அணையோ, கட்டப்பட்ட பின்னும் நீண்ட ஆண்டுகள் வறண்டே கிடந்தது.

தொகுதி இருந்த காலத்தில் கடைமடைக்குத் தண்ணீர் தாராளமாக வந்தது என்று நாம் சொல்லவில்லை. முறையீடு அப்போதும் இருந்தது, இப்போதும் இருக்கிறது. நாம் காட்ட விரும்புவது இதுதான்: கால்வாய் ஓடும் வழி வேறு, தொகுதியின் கோடு ஓடும் வழி வேறு. காங்கயம் தொகுதிக்குள்ளேயே ஒருபுறம் பரம்பிக்குளத்துக் கடைமடை. மறுபுறம், சென்னிமலைப் பக்கத்தில், 2 லட்சத்து 7 ஆயிரம் ஏக்கரை ஒற்றைப்படை, இரட்டைப்படை மதகுகளாகப் பிரித்துப் பாய்கின்ற கீழ்பவானிப் பாசனம். ஒரே தொகுதியின் பிரதிநிதி இரண்டு திட்டங்களுக்கும் பேச வேண்டும். ஒரே திட்டத்துக்கோ பல தொகுதிகளின் பிரதிநிதிகள் பேச வேண்டும். அவர்களில் தலைமடைக்காரர் பக்கம் நிற்பவரும் உண்டு, கடைமடைக்காரர் பக்கம் நிற்பவரும் உண்டு.

நீரின் வழியே வரையப்பட்ட தொகுதிகளும் நம்மிடம் இருக்கின்றன என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். பாசன அமைப்புகளை விவசாயிகளே நிர்வகிப்பதற்கென 2000-ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட தமிழ்நாட்டுச் சட்டத்தின்படி, நீரைப் பயன்படுத்துவோர் சங்கங்களுக்குத் தேர்தல் நடக்கிறது. ஒவ்வொரு சங்கமும் ஆட்சி மண்டலத் தொகுதிகளாகப் பிரிக்கப்பட்டிருக்கிறது. சட்டசபைத் தேர்தலில் காட்டும் உற்சாகத்தில் பத்தில் ஒரு பங்கையேனும் அந்தத் தேர்தலில் நாம் காட்டினால், மதகின் சாவி யார் கையில் இருக்கிறது என்ற கேள்விக்குப் பாதி விடை கிடைத்துவிடும்.

நொய்யல் தந்த பாடம்

நெசவும் விவசாயமும் ஒன்றோடொன்று மோதிய துயரமான வரலாறு ஒன்றும் இந்தப் பகுதியிலேயே இருக்கிறது. நொய்யலின் குறுக்கே ஒரத்துப்பாளையத்தில் 1992-ல் அணை கட்டி முடிக்கப்பட்டது. பாசனத்துக்கென்று கட்டிய அந்த அணையில் திருப்பூர்ச் சாயக்கழிவு நீர் வந்து தேங்கியது. அணையின் கீழேயிருந்த நிலங்களும் கிணறுகளும் உப்பேறிக் கெட்டன. நகரத்தில் சாயப்பட்டறைகள் ஒரு தொகுதியில். நிலம் கெட்டவர்கள் வேறு தொகுதிகளில், வேறு ஜில்லாக்களில். ஒருவருடைய ஓட்டு மற்றவருடைய பிரதிநிதியை அசைக்க முடியாத நிலை.

அப்போது பேசியது யார்? நொய்யல் ஆற்று ஆயக்கட்டுதாரர் பாதுகாப்புச் சங்கம். தொகுதியின் எல்லையையும் ஜில்லாவின் எல்லையையும் பாராமல், ஆற்றின் எல்லையைக் கொண்டு அமைந்த சங்கம் அது. சென்னை உயர் நீதிமன்றத்தில் அது தொடுத்த வழக்கில் 2006-ல் தீர்ப்புக் கிடைத்தது. அத்தீர்ப்பு சரிவர நிறைவேறாதபோது, 2011 ஜனவரியில் சாயப்பட்டறைகளை மூடும்படி நீதிமன்றம் உத்தரவிட்டது. பட்டறைகள் மூடியபோது நெசவுத் தொழிலைச் சார்ந்த எத்தனையோ வீடுகளில் அடுப்பு எரியவில்லை என்பதையும் நாம் மறக்கலாகாது. கழிவுநீரைப் பொதுவாகச் சுத்திகரித்து, ஒரு சொட்டும் ஆற்றில் விடாமல் தொழில் நடத்தும் ஏற்பாடு அதன் பிறகே உறுதி பெற்றது. முதலிலேயே இரு சாராரும் ஒரு சபையில் உட்கார்ந்து பேசியிருந்தால், நிலமும் பிழைத்திருக்கும், கூலியும் நின்றிராது. அத்தகைய சபை ஒன்றைத் தொகுதி தராது. சங்கங்கள்தாம் தர முடியும்.

மொடக்குறிச்சியின் வாக்குச்சீட்டு

சங்கமாகச் சேராமல், தேர்தல் ஒன்றையே நம்பிக் குரல் கொடுத்தால் என்ன ஆகும் என்பதற்கு அடுத்த தொகுதியே சாட்சி. 1996-ல் மொடக்குறிச்சித் தொகுதியில் 1033 அபேட்சகர்கள் நின்றார்கள். தங்கள் குறைகளை நாடறியச் செய்ய வேண்டுமென்று விவசாயிகள் பெருந்திரளாக மனுத் தாக்கல் செய்ததன் விளைவு அது. தேர்தலைத் தள்ளிவைக்க வேண்டியதாயிற்று. வாக்குச்சீட்டை ஒரு புத்தகமாகவே அச்சிட வேண்டியதாயிற்று. முடிவில் திருமதி சுப்புலட்சுமி ஜெகதீசன் வெற்றி பெற்றார். நாடெங்கும் பத்திரிகைகள் மொடக்குறிச்சியைப் பற்றி எழுதின.

அதன் பின் நடந்தது என்ன? அதே 1996-ல் சட்டம் திருத்தப்பட்டுச் சட்டசபை அபேட்சகர் கட்ட வேண்டிய காப்புத்தொகை 250 ரூபாயிலிருந்து 5000 ரூபாயாக உயர்ந்தது. சுயேச்சையாக நிற்போருக்குப் பத்து வாக்காளர் முன்மொழிய வேண்டும் என்ற நிபந்தனையும் வந்தது. ஆயிரம் பேர் தனித்தனியே நின்றதை நாம் ஏளனம் செய்யவில்லை. வேறு வழி தெரியாத ஜனங்களின் ஆற்றாமை அதில் இருந்தது. எனினும், ஆயிரம் பெயர்கள் ஒரே தாளில் ஏறியபோது ஆச்சரியம் பெருகிற்று. கோரிக்கை பின்னே போய்விட்டது. ஆயிரம் பேர் கையெழுத்திட்ட ஒரே தீர்மானத்துக்கு இருக்கும் வலிமை, ஆயிரம் தனி மனுக்களுக்கு இருப்பதில்லை.

சங்கங்கள் செய்யத்தக்கது

கோடுகள் இனியும் மாறும். 42-ஆம் திருத்தம் போட்ட தடையை 2001-ஆம் ஆண்டின் 84-ஆம் திருத்தம், 2026-க்குப் பின் எடுக்கப்படும் முதல் ஜனக்கணிதம் வரையில் நீட்டித்தது. ராஜ்யங்களுக்கிடையே ஸ்தானங்களை எப்படிப் பங்கிடுவது என்ற பெரிய விவாதத்தை நாட்டின் தலைவர்கள் நடத்துகிறார்கள். அதனினும் சிறியதாயினும், நம் வாசலுக்கு மிக அருகிலுள்ள கேள்வி ஒன்று இருக்கிறது. நம் ராஜ்யத்துக்குள், நம் தாலுகாவில், அடுத்த கோடு எந்த ஊருக்கும் எந்த ஊருக்கும் நடுவே ஓடப் போகிறது?

2002-ஆம் ஆண்டுத் தொகுதி வரையறைச் சட்டத்தின்படி முந்தைய எல்லைகளை வரைந்தது, சுப்ரீம் கோர்ட்டு நீதிபதியாயிருந்த குல்தீப் சிங் அவர்களைத் தலைவராகக் கொண்ட கமிஷன். ஒவ்வொரு ராஜ்யத்திலிருந்தும் பார்லிமெண்டு அங்கத்தினர் ஐவரும் சட்டசபை அங்கத்தினர் ஐவரும் அதற்குத் துணை அங்கத்தினர்கள். ஆனால் அவர்களுக்கு ஓட்டு இல்லை. கமிஷனின் நகல் திட்டம் கெஜட்டில் பிரசுரமாக வேண்டும். ஆட்சேபணைகளைப் பெறுவதற்கு ஒரு தேதி குறிக்க வேண்டும். பகிரங்கக் கூட்டம் நடத்தி அவற்றைப் பரிசீலிக்க வேண்டும். இறுதி உத்தரவு பிரசுரமானதும் அது சட்டத்தின் பலம் பெறுகிறது. அதை எந்த நீதிமன்றத்திலும் கேள்வி கேட்க முடியாது என்று சட்டம் கூறுகிறது. வெள்ளம் வடிந்த பிறகு அணை போடுவது போல, உத்தரவு வந்த பிறகு வருந்துவதில் பயனில்லை என்பது இதனால் விளங்கும்.

அச்சட்டம் நமக்கு ஒரு பிடிப்பையும் தந்திருக்கிறது. தொகுதிகள் கூடியவரை ஒருசேர அமைந்த நிலப்பகுதிகளாக இருக்க வேண்டும். இயற்கை அமைப்பு, நிர்வாக எல்லைகள், போக்குவரத்து வசதி, பொதுஜன சௌகரியம் ஆகியவற்றைக் கருத வேண்டும் என்பது அதன் வாசகத்தின் சாரம். ஒரே கால்வாயின் கடைமடைக் கிராமங்கள் ஒன்றாயிருப்பது பொதுஜன சௌகரியம் அல்லவா? ஒரே சந்தைக்குத் துணி கொண்டுபோகும் நெசவு ஊர்கள் ஒரே தொகுதியில் இருப்பது பொதுஜன சௌகரியம் அல்லவா? இதைக் கமிஷனுக்கு எடுத்துச் சொல்ல வேண்டியவர்கள் யார்? தறிக் கணக்கும், அங்கத்தினர் ஜாபிதாவும், பாசன ஏக்கர் விவரமும் கையில் வைத்திருக்கும் நாமே.

ஆகவே நாம் சங்கங்களுக்குச் சொல்ல விரும்புவன மூன்று. முதலாவது, அடுத்த பேரவைக் கூட்டத்தில் இவ்விஷயத்தை ஒரு பொருளாக வைத்து, தம் செயல் எல்லைக்குட்பட்ட கிராமங்கள் எந்தெந்தக் கிராமங்களோடு தண்ணீராலும் தொழிலாலும் பாதையாலும் பிணைந்திருக்கின்றன என்பதைத் தீர்மானமாக எழுதி வைக்க வேண்டும். இரண்டாவது, நெசவாளர் சங்கமும் விவசாயிகள் சங்கமும் தனித்தனி மனு அனுப்பாமல், ஒரு தாலுகாவுக்கு ஒரே மனுவாகத் தயாரிக்க வேண்டும். மூன்றாவது, நகல் திட்டம் பிரசுரமாகும் நாளில் அதைப் படித்து, குறித்த தேதிக்குள் ஆட்சேபணை அனுப்பும் பொறுப்பை ஒவ்வொரு சங்கமும் ஒருவரிடம் ஒப்படைக்க வேண்டும்.

கூட்டுறவுச் சங்கம் அரசியலில் தலையிடலாமா என்று சிலர் கேட்கக்கூடும். 1844-ல் ராச்டேல் நெசவாளர்களும் அவர்களுடைய தோழர்களும் தொடங்கிவைத்த மரபு, கட்சிச் சண்டைக்குச் சங்கத்தில் இடமில்லை என்பதேயாகும். எந்த அபேட்சகருக்கு ஓட்டுப் போடுவது என்பது அங்கத்தினரின் சொந்த விஷயம். அதில் சங்கம் வாய் திறக்கக் கூடாது. ஆனால் தொகுதியின் எல்லை எக்கட்சிக்கும் உரியதன்று. அது எல்லா அங்கத்தினரின் காரியம். கட்சி பேசாமல் கணக்குப் பேசுவது சங்கத்தின் கண்ணியத்துக்கு ஏற்றதே.

நம் கொறங்காட்டுக்குக் கிளுவை வேலியை நாமே நட்டு நாமே பேணுகிறோம். சங்கத்தின் செயல் எல்லையையும் துணைவிதியில் நாமே எழுதியிருக்கிறோம். சட்டசபைத் தொகுதியின் வேலியோ வேறொருவர் நடுவது. பத்தாண்டோ முப்பதாண்டோ கழித்து அவரே பிடுங்கி வேறிடத்தில் நடுவார். நடும் நாளில் பக்கத்தில் நின்று, இந்த இடத்தில் வாய்க்கால் போகிறது ஐயா, சற்றுத் தள்ளி நடுங்கள் என்று சொல்ல நமக்கு உரிமை இருக்கிறது. வெள்ளகோவில் தொகுதி மீண்டும் வர வேண்டுமென்று நாம் கேட்கவில்லை. அடுத்த கோடு வரையப்படும்போது, அந்தக் கடைமடையிலிருந்தும் சென்னிமலைத் தறிமேடையிலிருந்தும் ஒரே மனு, ஒரே குரலாய், உரிய தேதிக்குள் போய்ச் சேர வேண்டும் என்றே கேட்கிறோம். பேரவைக் கூட்ட அறிவிப்பில் அதற்கு ஒரு வரி ஒதுக்குவதற்குச் செலவு ஒன்றும் இல்லை.